‘மனநலக் குறைபாடு எத்தனை விழுக்காடு?’ கம்பெனி படிவத்தில் ஒரு கட்டம்

செங்காங் சுமதி:

வணக்கம். கொஞ்சம் நீளமான பதிவு, பொறுத்துக்கொள்ளுங்கள்.

என் தம்பிக்கு 34 வயது. இங்கே சிங்கப்பூரில் ஒரு தளவாட நிறுவனத்தின் கிடங்கில் ஆறு வருடமாக வேலை செய்கிறான். ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுவான், சரக்குக் கணக்கும் பார்ப்பான். மூன்று வருடத்துக்கு முன் இருமுனைக் கோளாறு (பைபோலார்) என்று கண்டுபிடித்தார்கள். மாத்திரையோடு நன்றாகத்தான் இருந்தான். போன தீபாவளி சமயத்தில் தொடர்ந்து ராத்திரி ஷிஃப்ட் வந்தது. தூக்கம் மூன்று மணி நேரமாகக் குறைந்தது. அப்புறம் தூக்கமே தேவையில்லை என்று சொல்ல ஆரம்பித்தான். ஒரே வாரத்தில் நான்கு கைப்பேசி வாங்கி, பழக்கமே இல்லாதவர்களுக்குக் கொடுத்துவிட்டான். ஐந்து வாரம் மருத்துவமனையில் இருந்துவிட்டு வந்திருக்கிறான். இப்போது வேலைக்குப் போகலாம் என்று மருத்துவர் சொல்கிறார்.

சிக்கல் இங்கேதான். மனிதவளப் பிரிவிலிருந்து மூன்று பக்கப் படிவம் அனுப்பியிருக்கிறார்கள். அதில் ஒரு கட்டம், ‘மனநலக் குறைபாட்டின் அளவு: ____ விழுக்காடு’. மருத்துவர் அதைத் தொடவே இல்லை. தனியாக ஒரு வரிக் கடிதம் கொடுத்தார், ‘வேலைக்குத் தகுதியானவர், இலகுவான வேலை மட்டும்’ என்று. கம்பெனியில் என்ன சொன்னார்கள் தெரியுமா? “கிடங்கில் இலகுவான வேலை என்று எதுவும் கிடையாது.” அதோடு, ராஜினாமா செய்துவிட்டு மசேநிதியில் (மத்திய சேமநிதி) மருத்துவக் காரணத்துக்காகப் பணத்தை எடுத்துக்கொள்ளலாமே என்று ஒரு யோசனை வேறு, ரொம்ப அன்பாக.

அந்த விழுக்காட்டை யார் கணக்கிடுவது? அப்படி ஒரு கணக்கு இருக்கிறதா? இன்னொன்று, அந்த நான்கு கைப்பேசிக்குப் பிறகு அம்மா அவனுடைய வங்கிக் கணக்கை நாமே வாங்கி வைத்துக்கொள்ளலாம் என்கிறார். அதற்கும் மருத்துவர் கடிதம் போதுமா?

பிடோக் பாஸ்கர்:

சகோதரி, நான் பதினான்கு வருடமாக மனிதவளத் துறையில் இருப்பவன். முதலில் ஒரு ஒப்புதல் வாக்குமூலம். இந்த மாதிரிப் படிவங்களை நாங்கள் யோசித்து எழுதுவதில்லை. குழுக் காப்புறுதியின் இழப்பீட்டுப் படிவத்திலிருந்து யாரோ எப்போதோ வெட்டி ஒட்டியிருப்பார்கள். ஒருவர் வேலைக்குத் திரும்பலாமா என்று தீர்மானிக்க எந்த விழுக்காடும் தேவையில்லை. கம்பெனிக்குத் தெரிய வேண்டியது மூன்றே விஷயம்: எந்தெந்த வேலையைச் செய்யலாம், எந்த நேரத்தில் செய்யலாம், எப்போது மறுபடி பரிசோதனை. நோயின் பெயர்கூட வேண்டாம். தம்பியின் சம்மதம் இல்லாமல் மருத்துவர் அதைச் சொல்லவும் கூடாது.

‘இலகுவான வேலை’ என்பது முதுகுவலிக்கு எழுதுகிற வார்த்தை. மருத்துவரைக் குறை சொல்லவில்லை. தம்பி என்ன வேலை பார்க்கிறான் என்று அவருக்கு யாராவது எழுதிக் கொடுத்தோமா? அவர் எங்கே கிடங்கைப் பார்த்தார்?

மசேநிதி யோசனைக்குத் தலையாட்டிவிடாதீர்கள். மருத்துவக் காரணத்துக்காகப் பணம் எடுக்க வேண்டுமென்றால், இனி எந்த வேலையும் நிரந்தரமாகச் செய்ய முடியாது என்றோ, ஆயுள் வெகுவாகக் குறைந்துவிட்டது என்றோ, மனத்திறன் நிரந்தரமாக இல்லை என்றோ, தீராத நோயின் கடைசிக் கட்டம் என்றோ மருத்துவர் சான்று தர வேண்டும். 34 வயதில், வேலைக்குத் திரும்ப விரும்பும் ஒருவனுக்கு அது எதுவும் பொருந்தாது. ஒரு கையில் ‘வேலைக்குத் தகுதி’, மறு கையில் ‘இனி வேலையே முடியாது’ என்று இரண்டு காகிதம் வைத்திருந்தால் இரண்டுமே செல்லாமல் போகும்.

ராஜினாமா கடிதத்தில் கையெழுத்துப் போட வேண்டாம். வற்புறுத்தி வாங்கிய ராஜினாமாவையும் நியாயமற்ற பணிநீக்கமாகக் கருதலாம். ஆனால் கடைசி வேலை நாளிலிருந்து ஒரு மாதத்துக்குள், அரசும் முதலாளிகளும் தொழிற்சங்கமும் சேர்ந்த பூசல் தீர்வுக்கான முத்தரப்புக் கூட்டணியிடம் மனு கொடுத்தாக வேண்டும். அழுது முடித்து நிமிர்ந்து பார்ப்பதற்குள் அந்த ஒரு மாதம் ஓடிவிடும், பலபேர் அங்கேதான் கோட்டைவிடுகிறார்கள்.

ஜூரோங் கார்த்தி:

எல்லாரும் கம்பெனியையே திட்டுகிறீர்கள். நான் ஒரு வேலைத்தளத்தில் மேற்பார்வையாளர். எனக்குக் கீழே ஒருவன், ‘மனஉளைச்சல்’ என்று மாதத்துக்கு நாலு எம்சி (மருத்துவ விடுப்புச் சான்று) கொண்டுவருவான். அதே நாளில் எல்லை தாண்டி ஜோகூரில் சாப்பிடுகிற படம் போடுவான். கால் உடைந்தால் எக்ஸ்ரே இருக்கிறது. இதற்கு என்ன இருக்கிறது? சொன்னால் நம்ப வேண்டியதுதானா?

ஓய்வுபெற்ற தாதி:

கார்த்தி தம்பி, உங்கள் கேள்வி நியாயமானதுதான். முப்பது வருடத்துக்கு மேல் மனநலத் தாதியாக இருந்தவள் நான். இயோ சூ காங் பக்கம் பழைய உட்பிரிட்ஜ் மனநல மருத்துவமனை இருந்த காலத்திலேயே சேர்ந்தவள். 1928இல் திறந்த இடம் அது. 1993இல்தான் புவாங்கோக்குக்கு மாறினோம். அந்தக் காலத்தில் டாக்சிக்காரரிடம் போக வேண்டிய இடத்தைச் சொல்லவே எங்களுக்குக் கூச்சமாக இருக்கும், வேலைக்குப் போகிற எங்களுக்கே! சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

எக்ஸ்ரே இல்லைதான். ஆனால் ‘சொன்னால் நம்புவது’ என்று எந்த மனநல மருத்துவரும் செய்வதில்லை. சொல்வதும் நடப்பதும் பொருந்துகிறதா, போன மாதம் சொன்னதும் இந்த மாதம் சொல்வதும் ஒத்துப்போகிறதா, வீட்டார் என்ன சொல்கிறார்கள், வார்டில் எத்தனை மணிக்கு எழுந்தார், சாப்பாட்டுத் தட்டில் எவ்வளவு மிச்சம் வைத்தார், இதையெல்லாம் பார்ப்பார்கள். நாங்கள் எழுதிவைத்த ராத்திரிக் குறிப்புகள் நீதிமன்றம் வரை போயிருக்கின்றன. அப்புறம், மனச்சோர்வு உள்ளவர் ஒருநாள் ஜோகூருக்குப் போய்ச் சாப்பிட்டார் என்பதால் நோய் பொய்யாகிவிடாது. வெளியே போ, நாலு பேரைப் பார் என்று நாங்களேதான் அனுப்புவோம். மாதம் நாலு எம்சி பொய்யா நிஜமா என்பது வேறு கதை, அதை அவருடைய மருத்துவர்தான் சொல்ல முடியும்.

சுமதிக்கு ஒன்று சொல்ல வேண்டும். நோயின் பெயர் வேறு, அதனால் ஏற்படும் இயலாமை வேறு. ஒரே இருமுனைக் கோளாறோடு ஒருவர் வகுப்பில் பாடம் நடத்துவார், இன்னொருவர் ஆறு மாதமாகக் குளிக்கவே எழமாட்டார். பெயரை வைத்து விழுக்காடு போட முடியாது. முன்பு அமெரிக்க மனநல மருத்துவர்களின் கையேட்டில் 100 வரை போகும் ஒரு செயல்பாட்டு அளவுகோல் இருந்தது, ஒரே எண்ணில் ஆளை அடக்கிவிடுவது. நோயின் கடுமையும் அன்றாடச் செயல்பாடும் அந்த ஒரே எண்ணில் குழம்பிப்போவதாகக் குறை சொல்லி, 2013 பதிப்பில் அதை எடுத்துவிட்டார்கள். இப்போது பல இடங்களில் உலகச் சுகாதார நிறுவனத்தின் வினாத்தாளைப் பயன்படுத்துகிறார்கள். முழு வடிவில் 36 கேள்வி. புரிந்துகொள்வது, நடமாடுவது, தன்னைப் பார்த்துக்கொள்வது, மற்றவர்களோடு பழகுவது, வீடு மற்றும் வேலைப் பொறுப்புகள், சமூகத்தில் கலந்துகொள்வது என்று ஆறு பகுதி.

நல்ல தாள்தான். ஆனால் அது கேட்பது கடந்த 30 நாளைப் பற்றி. தம்பிக்கு இருப்பது வந்து போகிற நோய். இன்று கேட்டால் எல்லாவற்றுக்கும் ‘சிரமம் இல்லை’ என்றுதான் விழும். போன தீபாவளிக்குக் கேட்டிருந்தால் தாள் முழுக்கச் சிவப்பாகியிருக்கும். இரண்டும் உண்மை. அதனால்தான் ஒருநாள் மதிப்பீட்டை மட்டும் நம்பக் கூடாது என்கிறேன். போன இரண்டு மூன்று வருடத்தில் எப்போது மோசமானது, அதற்கு முன் என்ன நடந்தது என்று தேதி போட்டு ஒரு பக்கத்தில் எழுதிக் கொடுங்கள். மருத்துவருக்கு அது பெரிய உதவி.

இன்னொன்று கேட்கிறேன், இந்த நோய்க்குக் கொடுக்கிற லித்தியம் மாத்திரை சாப்பிடுகிறானா?

செங்காங் சுமதி:

ஆமாம் அக்கா. ராத்திரி தூங்குவதற்கு இன்னொரு மாத்திரையும் உண்டு.

ஓய்வுபெற்ற தாதி:

அப்படியானால் கடிதத்தில் தண்ணீரும் வர வேண்டும். வியர்த்துக் கொட்டி உடம்பில் நீர் குறைந்தால் இரத்தத்தில் லித்தியம் அளவு ஏறும், அது ஆபத்து. காற்றோட்டம் இல்லாத கிடங்கில் வேலை பார்ப்பவனுக்கு, நினைத்தபோது தண்ணீர் குடிக்க அனுமதி என்பது மருத்துவக் கட்டளை. இரத்தப் பரிசோதனைக்குப் போகும் நாளையும் சேர்க்கச் சொல்லுங்கள். ராத்திரி மாத்திரையின் மயக்கம் காலையில் எத்தனை மணி வரை இருக்கிறது என்று அவனையே கவனித்து எழுதச் சொல்லுங்கள். ஃபோர்க்லிஃப்டில் ஏறலாமா என்பதற்கு அதுதான் பதில். ‘இலகு’, ‘கடினம்’ எல்லாம் பதில் இல்லை.

மறுபடியும் காலை:

எனக்கு மனச்சிதைவு. வயது 41. இதை எழுதவே மூன்று நாள் யோசித்தேன்.

விழுக்காடு பற்றிப் பேசுகிறீர்கள். என் கதையில் ஆறு கேள்வி. அம்மா யாரோ சொன்னதைக் கேட்டு, கேர்‌ஷீல்ட் லைஃப் காப்புறுதிப் பணம் கிடைக்கும் என்று என்னை மதிப்பீட்டுக்கு அழைத்துப் போனார். குளிக்க முடிகிறதா, உடுத்த முடிகிறதா, சாப்பிட, கழிவறை போக, நடக்க, கட்டிலிலிருந்து நாற்காலிக்கு மாற முடிகிறதா? ஆறில் மூன்று முடியாவிட்டால்தான் கடுமையான உடற்குறை. எனக்கு ஆறும் முடியும். அந்த மருத்துவர் என்னைச் சட்டை போட்டுக் காட்டச் சொன்னார். போட்டேன். பொத்தான் எல்லாம் சரியாக இருந்தது. அம்மா அழுதுவிட்டார்.

வீட்டில் நான் அதே சட்டையைப் பதினொரு நாள் போட்டிருந்தேன் என்பதை அந்தக் கேள்வி கேட்கவில்லை. அவர் மேல் எனக்குக் கோபம் இல்லை. நீண்டகாலப் பராமரிப்புக்கான காப்புறுதி அது. படுத்த படுக்கையானவர்களை நினைத்துச் செய்தது. ஆனால் வெளியே வரும்போது ‘உனக்கு ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டார்கள்’ என்று அம்மா நம்பினார். அதுதான் வலித்தது. ஒரு திட்டத்தில் தகுதி பெறவில்லை என்றால் நோய் இல்லை என்று அர்த்தமில்லை. இதை என் அம்மாவுக்குப் புரியவைக்க ஒரு வருடம் ஆனது.

உதவியாக இருந்தது வேறு. பலதுறை மருந்தகத்தில் நாட்பட்ட நோய்ப் பட்டியலில் மனச்சிதைவு, மனச்சோர்வு, இருமுனைக் கோளாறு, பதற்றக் கோளாறு நான்கும் இருக்கின்றன. மெடிசேவ் என்ற மருத்துவச் சேமிப்புக் கணக்கிலிருந்து வருடத்துக்கு ஒரு வரம்பு வரை எடுக்கலாம், சிக்கலான நிலை என்றால் இன்னும் கூடுதலாக. அதற்கு யாரும் என்னைச் சட்டை போட்டுக் காட்டச் சொல்லவில்லை.

ஜூரோங் கார்த்தி:

அண்ணே, நான் அப்படிப் பேசியிருக்கக் கூடாது. மன்னிச்சுக்குங்க. ஆனால் என் ஆள் விஷயத்தில் என் சந்தேகம் இன்னும் போகவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன்.

துவாஸ் முத்து:

நான் பட்டுக்கோட்டைப் பக்கம். கட்டுமான வேலை, தங்கும் விடுதியில் இருக்கேன். ஒன்று சொல்லலாமா?

எங்கள் அறையில் ஒரு பையன், என் ஊருக்குப் பக்கத்து ஊர். சாரத்திலிருந்து ஒருத்தர் விழுந்ததைக் கண்ணால் பார்த்தவன். அதற்கப்புறம் தூங்குவதில்லை. மேலே ஏறினால் கை நடுங்கும். மருத்துவரிடம் அழைத்துப் போனார்கள், நான் துணைக்குப் போனேன். மருத்துவர் ஆங்கிலத்தில் கேட்க, நான்தான் தமிழில் சொன்னேன். “வேலைக்குப் போக முடியுதா?” அவன் சொன்னான், “சமாளிச்சுக்குவேன் சார்.” அதை நான் அப்படியே ஆங்கிலத்தில் சொன்னேன், முடியும் என்று. அவர் அப்படியே எழுதிக்கொண்டார். வேலையைச் சமாளிக்கிறார்!

அண்ணே, நம்ம ஊரில் ‘சமாளிச்சுக்குவேன்’ என்றால் என்ன அர்த்தம்? முடியவில்லை, ஆனால் வேறு வழி இல்லை, ஊரில் கடன் இருக்கு, திருப்பி அனுப்பிடாதீங்க என்று அர்த்தம். அது எனக்குத் தெரியும். ஆனால் சொல்லும்போது வாயில் வரவில்லை. அடுத்த நாள் அவனை மறுபடி மேலே ஏற்றினார்கள். எட்டாவது மாடியில் உட்கார்ந்துவிட்டான், எழவில்லை. நல்லவேளை கயிறு மாட்டியிருந்தான்.

இரண்டாவது தடவை மருத்துவமனையில் ஒரு தமிழ் மொழிபெயர்ப்பாளர் அம்மா வந்தார். அவர் “முடியுதா”ன்னு கேட்கவே இல்லை. “நேற்று காலையில் எழுந்ததிலிருந்து என்ன செஞ்சே, சொல்லு”ன்னு கேட்டார். அவன் ஒரு மணி நேரம் பேசினான். நெஞ்சு படபடப்பு, மூச்சு அடைப்பு, கண்ணை மூடினால் அந்த ஆள் விழுற சத்தம். அந்தத் தடவை எழுதிய அறிக்கையே வேறு. உயரத்தில் வேலை கூடாது என்று தெளிவாக எழுதினார்கள். கீழே கம்பி கட்டுற வேலைக்கு மாற்றினார்கள். இப்போது பரவாயில்லை. அய்யோ, ‘பரவாயில்லை’ என்று நானே எழுதிட்டேன் பாருங்க. ராத்திரி இன்னும் விளக்கை அணைக்க விடமாட்டான்.

ஓய்வுபெற்ற தாதி:

முத்து தம்பி, இதை யாராவது பயிற்சி வகுப்பில் பாடமாக வைக்க வேண்டும். வார்டில் எத்தனை முறை பார்த்திருக்கிறேன்! ‘மனசு சரியில்லை’ என்றால் கோபமா, துக்கமா, மாமியார் சண்டையா, தற்கொலை எண்ணமா என்று நாலு கேள்வி கேட்டால்தான் தெரியும். ‘சாமி வந்து பேசுச்சு’ என்று ஒரு பாட்டி சொன்னதை ஒருவர் குரல் கேட்கும் அறிகுறியாக எழுதிவிட்டார். அவர் சொன்னது கோயிலில் குறி கேட்டதைப் பற்றி. குறைத்துச் சொல்பவர்களும் கூட்டிச் சொல்பவர்களும் இருக்கிறார்கள், ஆனால் நம் ஆட்களில் நான் பார்த்தவரை குறைத்துச் சொல்பவர்களே அதிகம். மருத்துவரிடம் மரியாதையாக இருக்க வேண்டும் என்று தலைவாரிப் பவுடர் போட்டு, அயர்ன் பண்ணிய சட்டையோடு அழைத்து வருவார்கள். பேட்டி முடிந்ததும் வெளியே வந்து ‘சிஸ்டர், வீட்டில் இவர் இப்படி இல்லை’ என்பார்கள். உள்ளே சொல்லியிருக்கலாமே!

சொந்தக்காரரையோ நண்பரையோ மொழிபெயர்க்க வைக்காதீர்கள். மருத்துவமனையில் கேட்டால் ஆள் ஏற்பாடு செய்வார்கள்.

ஹேவ்லாக் குமாஸ்தா:

நான் வழக்கறிஞர் இல்லை, அலுவலகத்தில் கோப்பு தூக்குபவன். இருபது வருடமாக மனநல அறிக்கைகளைத் தட்டச்சு செய்திருக்கிறேன். அம்மா கேட்ட வங்கிக் கணக்கு விஷயத்துக்கு வருகிறேன், யாரும் அதைத் தொடவில்லை.

மருத்துவர் கடிதத்தை வைத்து ஒருவருடைய கணக்கை வீட்டார் வாங்கிவிட முடியாது. 2010 மார்ச்சில் நடப்புக்கு வந்த மனத்திறன் சட்டம் எல்லாருக்கும் திறன் உண்டு என்ற இடத்திலிருந்துதான் தொடங்குகிறது. இல்லை என்று சொல்பவர்தான் நிரூபிக்க வேண்டும். அதிலும் ‘இவருக்குப் புத்தி சரியில்லை’ என்ற பொத்தாம்பொதுவான பேச்சுக்கு இடமில்லை. இந்தக் குறிப்பிட்ட முடிவை, இந்த நேரத்தில் எடுக்க முடியுமா? அதற்கான தகவலைப் புரிந்துகொள்கிறாரா, மனத்தில் வைத்திருக்க முடிகிறதா, சீர்தூக்கிப் பார்க்க முடிகிறதா, முடிவைத் தெரிவிக்க முடிகிறதா? மூளை அல்லது மனத்தின் பாதிப்பால் இந்த நான்கில் ஒன்று முடியாமல் போனால்தான் திறன் இல்லை. முட்டாள்தனமான முடிவு எடுத்தார் என்பது மட்டும் போதாது. சட்டத்திலேயே அப்படி எழுதியிருக்கிறது. இல்லாவிட்டால் நாலுநம்பர் லாட்டரி வரிசையில் நிற்கிற பாதி ஊர்க்காரர்களின் கணக்கை எடுத்துவிடலாம்.

நான்கு கைப்பேசி வாங்கிய அந்த வாரம் தம்பிக்குப் பணம் பற்றிய திறன் இல்லாமல் இருந்திருக்கலாம். இன்று இருக்கிறது. இன்று இருக்கும்போதே அவன் விரும்பினால் எல்பிஏ எனும் நீடித்த அதிகாரப் பத்திரம் எழுதலாம். 21 வயது ஆகியிருந்தால் போதும். பின்னால் திறன் இழந்தால் யார் பணத்தைப் பார்த்துக்கொள்வது, யார் உடல்நலம் தொடர்பான முடிவை எடுப்பது என்று அவனே எழுதிவைப்பது. அங்கீகரிக்கப்பட்ட மருத்துவரோ மனநல மருத்துவரோ வழக்கறிஞரோ சான்றளிக்க வேண்டும், பொதுப் பாதுகாவலர் அலுவலகத்தில் பதிய வேண்டும். இதை எழுதாமல் திறன் போய்விட்டால் குடும்பம் நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும். அதில் செலவும் அதிகம், காலமும் அதிகம்.

மருத்துவமனையில் கட்டாயமாகச் சேர்த்தார்களா என்று கேட்கவில்லை, சொல்லவும் வேண்டாம். ஆனால் சேர்த்திருந்தாலும் அது வேறு சட்டம். முதலில் 72 மணி நேரம், தேவைப்பட்டால் ஒரு மாதம், அப்புறம் ஆறு மாதம் வரை என்று ஆபத்தைப் பார்த்து வைத்திருப்பது. அதை வைத்து வேலைக்குத் தகுதி இல்லை என்றோ கையெழுத்து செல்லாது என்றோ யாரும் சொல்ல முடியாது.

என் மேசைக்கு வரும் அறிக்கைகளில் பாதி பயனில்லாமல் போவதற்குக் காரணம் மருத்துவர் இல்லை. கேள்வி இல்லாமல் அறிக்கை கேட்பதுதான். குற்ற வழக்கில் நீதிமன்றம் கேட்பது இறந்தகாலம்: அன்று, அந்தச் செயலைச் செய்தபோது மனநிலை எப்படி இருந்தது? சிறைக்குப் பதிலாகக் கட்டாயச் சிகிச்சை ஆணை தரலாமா என்றால் கேள்வி மாறும்: நோய் அந்தக் குற்றத்துக்கு ஒரு காரணமா, சிகிச்சைக்கு மசியுமா? எல்பிஏ கேட்பது இந்த நிமிடம். கம்பெனி கேட்பது வருங்காலம். ஒரு கேள்விக்கு எழுதிய அறிக்கையை இன்னொன்றுக்குக் கொண்டுபோய் நீட்டினால் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் அதை வாழைப்பழம் உரிப்பதுபோல் உரித்துவிடுவார்.

கிடங்கில் இருப்பவன்:

நான்தான் அந்தத் தம்பி.

அக்கா நேற்று இந்தப் பக்கத்தைத் திறந்துவைத்துவிட்டுத் தூங்கிவிட்டார். பெயர் போடவில்லை, சரி. ஆனால் கைப்பேசிக் கதையை ஊருக்கே சொல்லியிருக்கிறார். கோபம் வந்தது. பிறகு எல்லாவற்றையும் படித்தேன். முத்து அண்ணன் எழுதியதை இரண்டு தடவை படித்தேன்.

ஒரு திருத்தம். எனக்கு ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுவதில் கஷ்டம் இல்லை. அக்கா அப்படி நினைக்கிறார், மருத்துவரும் நினைக்கிறார். எனக்குக் கஷ்டம் வாக்கி-டாக்கி. ராத்திரி மூன்று மணிக்கு ஒரே நேரத்தில் மூன்று பேர் பேசுவார்கள், ஒருவர் மாண்டரினில், ஒருவர் மலாயில், ஒருவர் கத்துவார். எந்த வரிசை, எந்தத் தட்டு என்று பிடித்துவைக்க முடியவில்லை. மருத்துவமனைக்குப் போவதற்கு ஒரு மாதம் முன்பே ஆரம்பித்துவிட்டது. தப்பு நடந்துவிடுமோ என்று எல்லாவற்றையும் கையில் எழுதிக்கொண்டேன். முழங்கை வரை பேனா மை. மேற்பார்வையாளர் அதைப் பார்த்துச் சிரித்தார், ‘சமாளிக்கிறேன் பாஸ்’ என்றேன்.

பகலில் பிரச்சினை இல்லை. பகலில் வேலை தாளில் வரும். ராத்திரி ஷிஃப்ட் வேண்டாம், முதல் மூன்று மாதம் வாக்கி-டாக்கியில் மட்டும் வேலை சொல்லக் கூடாது, எழுத்தில் தர வேண்டும். இவ்வளவுதான் எனக்கு வேண்டியது. யாராவது என்னைக் கேட்டிருந்தால் அன்றே சொல்லியிருப்பேன்.

வங்கிக் கணக்கு பற்றி அம்மாவிடம் நானே பேசிக்கொள்கிறேன்.

செங்காங் சுமதி:

சாரிடா.

பிடோக் பாஸ்கர்:

தம்பி, நீங்கள் எழுதிய கடைசிப் பத்தி நான் பல வருடமாகப் பார்த்த மருத்துவக் கடிதங்களைவிடத் தெளிவு. அதை அப்படியே பயன்படுத்துங்கள். கம்பெனியிடம் உங்கள் வேலை விவரத்தை எழுத்தில் கேளுங்கள்: ஷிஃப்ட் நேரம், இயந்திரம், தகவல் எப்படி வருகிறது, உயரம், வெப்பம். அதை மருத்துவரிடம் கொடுத்து, ஒவ்வொன்றுக்கும் ‘செய்யலாம்’, ‘இப்போதைக்குக் கூடாது’, ‘இந்த ஏற்பாட்டோடு செய்யலாம்’ என்று எழுதச் சொல்லுங்கள். மறுபரிசோதனைத் தேதியும் வேண்டும். விழுக்காட்டுக் கட்டத்தைக் காலியாக விடாதீர்கள், காலி இடம் இருந்தால் யாராவது நிரப்புவார்கள். ‘பொருந்தாது’ என்று எழுதி மருத்துவர் கையெழுத்துப் போடட்டும்.

பகல் ஷிஃப்டை நீக்குப்போக்கான வேலை ஏற்பாட்டுக் கோரிக்கையாகவும் எழுத்தில் கொடுங்கள். 2024 டிசம்பர் 1இலிருந்து அதற்கு முத்தரப்பு வழிகாட்டி இருக்கிறது. இரண்டு மாதத்துக்குள் எழுத்தில் பதில் தர வேண்டும், மறுத்தால் காரணம் சொல்ல வேண்டும். ஒப்புக்கொண்டே ஆக வேண்டும் என்று கட்டாயமில்லை, அதையும் தெரிந்துகொள்ளுங்கள். 2025 ஜனவரியில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய வேலையிட நியாயச் சட்டத்தில் மனநலப் பிரச்சினையும் பாதுகாக்கப்பட்ட அம்சம்தான். ஆனால் 2027 இறுதிக்குள் நடப்புக்கு வரும் என்றுதான் சொல்லியிருக்கிறார்கள், 25 பேருக்குக் குறைவாக வைத்திருக்கும் நிறுவனங்களுக்கு முதல் ஐந்து வருடம் விலக்கு. வேலையை மாற்றி அமைத்துத் தர வேண்டும் என்று வற்புறுத்தும் பிரிவும் அதில் இல்லை. ஆகவே சட்டத்தைக் காட்டி மிரட்டாதீர்கள், தாளைக் காட்டிப் பேசுங்கள்.

ஜூரோங் கார்த்தி:

தம்பி, வாக்கி-டாக்கி விஷயம் எனக்குப் புதுசு. நாளைக்கு என் ஆளிடம் எம்சியைப் பற்றிக் கேட்காமல், எந்த வேலை கஷ்டமாக இருக்கு என்று கேட்டுப் பார்க்கப் போறேன்.

கிடங்கில் இருப்பவன்:

ஐந்து வாரம் கழித்து எழுதுகிறேன்.

வேலை விவரம் கேட்டபோது கம்பெனியிடம் அப்படி ஒரு தாளே இல்லை. நானும் மேற்பார்வையாளரும் உட்கார்ந்து எழுதினோம், ஒன்றரைப் பக்கம் வந்தது. மருத்துவர் அதைப் பார்த்துவிட்டு இருபது நிமிடம் கேள்வி கேட்டார். அக்காவை வெளியே உட்காரச் சொன்னேன். ராத்திரி மாத்திரை மயக்கம் காலை எட்டரை வரை இருப்பதை எழுதிவைத்திருந்தேன், அதனால் வேலை ஒன்பது மணிக்கு. ஃபோர்க்லிஃப்ட் நாலு வாரத்துக்குப் பிறகு. தண்ணீர், இரத்தப் பரிசோதனை எல்லாம் வந்துவிட்டது. நோயின் பெயர் இல்லை. விழுக்காட்டுக் கட்டத்தில் மருத்துவர் குறுக்கே ஒரு கோடு போட்டுப் ‘பொருந்தாது’ என்று எழுதினார்.

மனிதவளப் பிரிவு அந்தப் படிவத்தைத் திருப்பி அனுப்பியது, கட்டம் நிரப்பப்படவில்லை என்று! பாஸ்கர் அண்ணன் சொன்னபடி மருத்துவர் கையெழுத்தைக் காட்டினேன். அப்புறம் பேச்சு இல்லை.

பகலில் சரக்குக் கணக்கு பார்க்கிறேன். ராத்திரி அலவன்ஸ் போய்விட்டது, மாதம் 280 சிங்கப்பூர் வெள்ளி. அதற்கு ஏதாவது வழி இருக்கிறதா?

பிடோக் பாஸ்கர்:

ராத்திரி வேலைக்கு என்று தருவது, ராத்திரி வேலை இல்லையென்றால் கிடைக்காது. அடிப்படைச் சம்பளத்தைக் குறைத்தால் மட்டும் வந்து சொல்லுங்கள்.

கிடங்கில் இருப்பவன்:

குறைக்கவில்லை அண்ணே. நேற்றிலிருந்து ஃபோர்க்லிஃப்டில் ஏறியாச்சு. வாக்கி-டாக்கி இன்னும் இடுப்பில்தான் இருக்கு, ஆனால் அணைத்து வைத்திருக்கேன்.